புலன் விசாரணைக்குக் கெடு இல்லையா?

தூத்துக்குடிக் கடற்கரையில் முத்துச் சலாபம் நடந்த காலத்தில், கரையில் குவித்த சிப்பிகளைப் பல நாள் அழுக விட்டுவிடுவார்கள். சதை அழுகிக் கரைந்த பிறகு கழுவிப் பார்த்தால் முத்து அடியில் தங்கியிருக்கும். சிப்பியின் இயல்பு அது. குற்றத்தின் சாட்சியமோ அதற்கு நேர் விரோதமான இயல்புடையது. அதை அழுக விட்டுவிட்டுப் பின்னர் கழுவத் தொடங்கினால் அடியில் ஒன்றும் மிஞ்சாது. இரத்தக் கறை மறையும். கண்டவன் கண்டதை மறப்பான். மறவாதவனும் பயத்தாலோ தாக்ஷிண்யத்தாலோ வாய் மூடுவான். தஸ்தாவேஜுகள் இடம் மாறும். விசாரிக்க வேண்டிய அதிகாரி உத்தியோக உயர்வு பெற்று வேறு ஊர் போவார். ஆகவே புலன் விசாரணையில் காலம் என்பது சௌகரியத்தைப் பொறுத்த விஷயமன்று. உண்மையின் உயிரே அதில் அடங்கியிருக்கிறது.

போலீஸ் விசாரணை தாமதிக்கும்பொழுது அதைத் துரிதப்படுத்தும்படி நியாயஸ்தலத்தை அண்டிக் கேட்கப் பிரஜைகளுக்கு உரிமை உண்டா? உண்டென்றால் அது எவ்வளவு தூரம் பயன்படுகிறது? இவ்விரு கேள்விகளுக்கும் விடை காண நாம் வெகு தூரம் போக வேண்டியதில்லை. தூத்துக்குடி ஜில்லா ஒன்றிலேயே, இரண்டு வருஷ இடைவெளியில் நேர்ந்த இரண்டு துயரச் சம்பவங்கள் இவற்றுக்கு வெவ்வேறான விடைகளை அளித்திருக்கின்றன.

1908-ம் வருஷத்து வேகம்

முதலில் பழைய கணக்கு ஒன்றைப் பார்த்துவிடுவோம். சர்க்காருக்கு மனமிருந்தால் எவ்வளவு விரைவாக விசாரிக்க முடியும் என்பதை இந்தக் கடற்கரை நன்றாக அறியும். 1906-ல் சுதேசிக் கப்பல் கம்பெனியை ஸ்தாபித்து, 1908-ன் தொடக்கத்தில் கோரல் ஆலைத் தொழிலாளரின் வேலை நிறுத்தத்துக்குத் துணை நின்ற வ.உ.சிதம்பரம் பிள்ளை 1908 மார்ச் 12-ந் தேதி கைது செய்யப்பட்டார். ஜூலை 7-ந் தேதி ஜட்ஜ் பின்ஹே துரை அவருக்கு ஆயுள் பரியந்தம் தீவாந்தர சிக்ஷை விதித்தார். சுப்பிரமணிய சிவாவுக்குப் பத்து வருஷம். கைது தொடங்கித் தீர்ப்பு வரை நான்கு மாதம்கூட நிறையவில்லை. சாட்சிகள், பிரசங்கக் குறிப்புகள், வாதப் பிரதிவாதங்கள் யாவும் அதற்குள் நடந்தேறிவிட்டன.

1911 ஜூன் 17-ந் தேதி மணியாச்சி ஸ்டேஷனில் கலெக்டர் ஆஷ் சுடப்பட்டார். பதினான்கு பேர் மீது சதிவழக்குத் தொடரப்பட்டுச் சென்னை ஹைகோர்ட்டில் விசேஷ பெஞ்சு கூடி விசாரித்து, 1912 பிப்ரவரியில் தீர்ப்பும் அளித்துவிட்டது. எட்டு மாதத்தில் அவ்வளவும் முடிந்தது. அக்காலத்தில் கம்ப்யூட்டரில்லை, மரபணுப் பரிசோதனையில்லை. தந்தியும் மாட்டு வண்டியும் ரயிலுமே சாதனங்கள்.

ஆனால் அதே 1908 மார்ச் 13-ந் தேதி, சிதம்பரம் பிள்ளை கைதானது கேட்டுத் திருநெல்வேலியில் ஜனங்கள் கொதித்தெழுந்தபொழுது போலீஸார் சுட்டதில் நால்வர் உயிரிழந்தார்களே, அதற்குக் கணக்குக் கேட்கும் விஷயத்தில் அந்தச் சர்க்காருக்கு அவசரம் ஏதும் இருக்கவில்லை. பிரஜை சர்க்காருக்குச் செய்ததாகச் சொல்லப்படும் குற்றம் நான்கு மாதத்தில் தீர்ந்துவிடும். சர்க்கார் உத்தியோகஸ்தர் பிரஜைக்குச் செய்ததாகச் சொல்லப்படும் குற்றம் காலவரையறையின்றிக் காத்திருக்கும். அந்நிய ஆட்சியின் இலக்ஷணம் அது. சுதந்திர பாரதத்தில், பிரஜைகள் தாங்களே தங்களுக்கு வகுத்துக்கொண்ட அரசியல் சட்டத்தின் கீழ், அந்த இலக்ஷணத்தின் சாயை எவ்வளவேனும் மிஞ்சியிருக்கலாமா என்பதே நமது கேள்வி.

நான்கு மாதக் கெடு

2018 மே 22-ந் தேதி. ஸ்டெர்லைட் தாமிர உருக்காலையை மூட வேண்டுமென்று தூத்துக்குடி வாசிகள் நடத்திய போராட்டத்தின் நூறாவது நாள். ஆண்களும் பெண்களும் குழந்தைகளும் கலெக்டர் ஆபீஸை நோக்கி ஊர்வலமாகச் சென்றார்கள். போலீஸார் துப்பாக்கிப் பிரயோகம் செய்தார்கள். மறுநாளும் அண்ணா நகரில் துப்பாக்கி வெடித்தது. ஆக 13 பேர் மாண்டார்கள். மாண்டவர்களில் பள்ளிப் படிப்பை அப்பொழுதுதான் முடித்திருந்த ஓர் இளம் பெண்ணும் இருந்தாள். ஆறு நாளைக்குப் பிறகு, மே 28-ந் தேதி, ஆலையை மூடும்படி மாகாண சர்க்கார் உத்தரவிட்டார்கள். அவ்வுத்தரவைச் சென்னை ஹைகோர்ட்டு 2020 ஆகஸ்டிலும் சுப்ரீம் கோர்ட்டு 2024 பிப்ரவரியிலும் நிலைநிறுத்திவிட்டன. ஆலையைப் பற்றிய வியாஜ்யம் இப்படி உச்ச நீதிஸ்தலம் வரை சென்று ஒரு முடிவை அடைந்தது. உயிர்களைப் பற்றிய வியாஜ்யத்தின் கதி என்ன?

சம்பவம் நடந்த மறுநாளே ஓய்வு பெற்ற ஹைகோர்ட்டு ஜட்ஜ் அருணா ஜெகதீசன் தலைமையில் விசாரணைக் கமிஷன் ஒன்றை நியமித்தார்கள். அதன் இறுதி அறிக்கை கையளிக்கப்பட்டது 2022 மே மாதத்தில். சட்டசபையில் வைக்கப்பட்டது அவ்வருஷம் அக்டோபர் 18-ந் தேதி. நான்கு வருஷமும் ஐந்து மாதமும் கழிந்திருந்தன. சுடுவதற்கான அவசியம் இருக்கவில்லையென்றும், சிதறியோடியவர்கள் மீது குண்டு பாய்ந்ததென்றும் கண்ட அக்கமிஷன், பதினேழு போலீஸ் உத்தியோகஸ்தர்கள் மீதும் அன்றைய ஜில்லா கலெக்டர் மீதும் நடவடிக்கை எடுக்கச் சிபார்சு செய்தது. ஆனால் கமிஷனின் முடிவு சிபார்சு மாத்திரமே. 1952-ம் வருஷத்து விசாரணைக் கமிஷன் சட்டப்படி அதற்குத் தண்டிக்கும் அதிகாரமில்லை. அதன் முன் ஒருவர் சொன்ன வாக்குமூலத்தைப் பிறகு அவர் மீதே குற்றவழக்கில் உபயோகிக்கவும் பொதுவாக முடியாது. கமிஷன் வழிகாட்டும் கைம்மரமேயன்றி, ஊர் சேர்க்கும் வண்டியன்று. ஊர் சேர வேண்டுமானால் குற்றவியல் சட்டப்படியான புலன் விசாரணை நடந்தாக வேண்டும்.

அந்த விசாரணைக்கு ஹைகோர்ட்டு வழி செய்யாமலில்லை. 2018 ஆகஸ்டு 14-ந் தேதி, மதுரைக் கிளையின் நியாயாதிபதிகள் இருவர் கொண்ட பெஞ்சு வழக்குகளை மத்தியப் புலனாய்வு இலாகாவாகிய சி.பி.ஐ. வசம் ஒப்புவித்து, நான்கு மாத காலத்துக்குள் விசாரணையை முடிக்கவும் பணித்தது. ஜனங்கள் ஆறுதலடைந்தார்கள். சி.பி.ஐ. அக்டோபரில் வழக்குப் பதிவு செய்தது. ஆனால் அதில் குற்றஞ்சாட்டப்பட்டவர்கள் இன்னாரென்று பெயர் குறிக்கப்படவில்லை. கெடு டிசம்பரில் கடந்தது. வருஷங்களும் கடந்தன. பாதிக்கப்பட்டோரும் அவர்கள் பொருட்டு வழக்காடியோரும் மறுபடியும் மறுபடியும் கோர்ட்டின் படியேறினார்கள். முடிவில் போலீஸ் தரப்பில் ஒரே ஓர் இன்ஸ்பெக்டர் மீது மாத்திரம் குற்றப்பத்திரிகை என்ற செய்தி வெளிவந்தபொழுது, கமிஷனின் அறிக்கையைப் படித்திருந்தவர்கள் திகைத்தார்கள். தேசிய மனித உரிமைக் கமிஷன் 2018 அக்டோபரில் முடித்துவிட்ட புகாரை மீண்டும் திறக்க வேண்டுமென்று தொடுக்கப்பட்ட வழக்கில், சென்னை ஹைகோர்ட்டின் பெஞ்சு ஒன்று 2024-ல் சி.பி.ஐ. விசாரணையைப் பற்றித் தன் அதிருப்தியை மறைக்காமல் வெளியிட்டது.

ஒவ்வோர் அதிகாரியும் குற்றவாளியென்று நாம் தீர்ப்புக் கூற வரவில்லை. அது கோர்ட்டின் வேலை. குற்றவாளி யார், நிரபராதி யார் என்பதைத் தெளிவாக்க வேண்டிய விசாரணை, அதற்குரிய காலத்தில் நடக்கவில்லை என்பதையே சொல்கிறோம். இத்தாமதத்தால் மாண்டவரின் தாய்தந்தையர் மாத்திரம் வாடவில்லை. ஊர்வலத்தில் சென்றதற்காக வழக்கில் சிக்கியவர்கள் வேலைக்கும் பிரயாண அநுமதிக்கும் அலைந்தார்கள். குற்றமற்ற போலீஸ் ஊழியன் ஒருவன் இருந்தால், அவனும் வருஷக் கணக்காகச் சந்தேகத்தின் நிழலிலேயே உத்தியோகம் பார்க்க வேண்டியிருக்கிறது.

சாத்தான்குளத்தில் நடந்தது

அதே ஜில்லாவில் 2020 ஜூன் 19-ந் தேதி, கொள்ளை நோய்க் காலத்து ஊரடங்கின்பொழுது கடையை அதிக நேரம் திறந்து வைத்ததாகச் சொல்லி, சாத்தான்குளத்தில் செல்போன் கடை நடத்தி வந்த தந்தையையும் மகனையும் போலீஸார் பிடித்துச் சென்றார்கள். இரவு முழுதும் ஸ்டேஷனில் இருந்த அவர்கள் மறுநாள் கோவில்பட்டிச் சப் ஜெயிலில் அடைக்கப்பட்டார்கள். 22-ந் தேதி இரவு மகனும், 23-ந் தேதி விடியலில் தந்தையும் கோவில்பட்டி ஆஸ்பத்திரியில் உயிர் நீத்தார்கள்.

இங்கே எவரும் மனுப் போட்டுக் காத்திருக்கும்படி ஹைகோர்ட்டு வைக்கவில்லை. மதுரைக் கிளை தானே முன்வந்து விஷயத்தைக் கையிலெடுத்தது. கோவில்பட்டி மாஜிஸ்திரேட்டு ஸ்டேஷனுக்கு நேரில் சென்று விசாரித்தார். அங்கே அவருக்கு ஒத்துழைப்புக் கிடைக்கவில்லை. மரியாதைக் குறைவான வார்த்தையே கிடைத்தது. கண்காணிப்புக் காமிராவில் பதிவானவை தினந்தோறும் தாமே அழிந்துபோகும்படி அமைத்திருந்ததை அவர் கண்டார். ஆயினும் அந்த ஸ்டேஷனில் வேலை பார்த்த ஒரு பெண் தலைமைக் காவலர், அன்றிரவு தாம் கண்டதை அச்சத்தோடும், ஆனால் ஒளிக்காமலும் அவரிடம் சொன்னார். லத்தியிலும் மேஜையிலும் இரத்தக் கறை இருக்கிறது, உடனே எடுக்காவிட்டால் அழித்துவிடுவார்கள் என்பதே அவ்வம்மையாரின் எச்சரிக்கை.

ஹைகோர்ட்டு ஜூன் 29-ந் தேதி ஸ்டேஷனையே ரெவினியூ அதிகாரிகளின் பொறுப்பில் வைக்கச் சொல்லிற்று. போலீஸ் ஸ்டேஷனைத் தாசில்தார் காவல் காக்கும்படியான நிலைமை தமிழகம் அதற்குமுன் கேட்டறியாதது. வழக்கை சி.பி.ஐ.க்கு மாற்றுவதாகச் சர்க்கார் அதற்குள் அறிவித்திருந்தார்கள். சி.பி.ஐ. வந்து சேரும் வரை சும்மாயிருக்கலாம் என்று நினைப்பது இயல்பே. நியாயாதிபதிகள் அப்படி நினைக்கவில்லை. இடையிலுள்ள நாட்களில் சாட்சியம் மறைந்துவிடும் என்று கண்டு, திருநெல்வேலி சி.பி.சி.ஐ.டி. அதிகாரியை அன்றே பொறுப்பேற்கும்படி ஜூன் 30-ந் தேதி உத்தரவிட்டார்கள். சில நாட்களுக்குள் போலீஸார் கைதாயினர். செப்டம்பர் மாதத்தில் ஒன்பது பேர் மீது குற்றப்பத்திரிகை தாக்கலாயிற்று. மூன்று மாதத்தில் புலன் விசாரணையின் பிரதான பகுதி முடிந்துவிட்டது.

அதற்குப் பிறகு 2021-ல் தொடங்கிய கோர்ட்டு விசாரணை வருஷக் கணக்கில் நீண்டதும், ஹைகோர்ட்டு குறித்த கெடு பலமுறை நீட்டப்பட்டதும் வேறு கதை. அதையும் நாம் மறைக்க வேண்டியதில்லை. ஆனால் சாட்சியம் அழியுமுன் சேகரிக்கப்பட்டுவிட்டதால், பின்னால் நேர்ந்த தாமதம் உண்மையைக் கொல்ல முடியவில்லை. இதுவே நாம் கவனிக்க வேண்டிய விசேஷம்.

வித்தியாசம் எங்கே?

ஜில்லா ஒன்று, மேற்பார்வை செய்த ஹைகோர்ட்டுக் கிளையும் ஒன்று, இரண்டிலும் சி.பி.ஐ.யே விசாரித்தது. பின் ஏன் ஒன்று ஓடியது, மற்றது ஊர்ந்தது? காரணங்கள் பலவாயினும், சட்டத்திலுள்ள ஒரு பள்ளத்தை நாம் குறிப்பாகச் சுட்டிக்காட்ட விரும்புகிறோம்.

புலன் விசாரணையை அநாவசியத் தாமதமின்றி முடிக்க வேண்டும் என்ற வாசகம், வெள்ளைக்காரர் 1898-ல் இயற்றிய கிரிமினல் புரொஸீஜர் கோடிலேயே இருந்தது. 1973-ம் வருஷத்துக் கோடிலும், 2024 ஜூலை முதல் தேதி அமுலுக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதையிலும் அவ்வாசகம் மாறாமல் தொடர்ந்து வருகிறது. ஆனால் அதை மீறினால் என்ன என்பதற்குச் சட்டத்தில் பெரும்பாலும் விடையில்லை. விடையுள்ள முக்கியமான இடம் ஒன்று. குற்றஞ்சாட்டப்பட்டவன் காவலில் இருந்தால், குற்றத்தின் தன்மையைப் பொறுத்து 60 அல்லது 90 நாளுக்குள் குற்றப்பத்திரிகை வராவிடில், அவன் ஜாமீனில் விடுதலை பெறும் உரிமை அடைகிறான். அந்தப் பயத்தால் போலீஸார் அந்நாளுக்குள் வேலையை முடிக்கிறார்கள்.

இதன் பலன் யாதெனில், ஒருவனைக் கைது செய்தால் கடிகாரம் ஓடும். கைது செய்யாவிட்டால் கடிகாரமே இல்லை. சாத்தான்குளத்தில் போலீஸார் கைதாகிச் சிறையிலிருந்தார்கள், கடிகாரம் ஓடிற்று. துப்பாக்கிச் சூட்டு வழக்கில் அப்படிச் சிறையிலிருந்த அதிகாரி எவருமில்லை. ஆகையால் கடிகாரமும் ஓடவில்லை. ஏழையைக் கைது செய்வது எளிது. அதிகாரியைக் கைது செய்வது அரிது. ஆகவே எந்த வழக்கில் தாமதத்துக்கு அதிக இடமிருக்கிறதோ, அந்த வழக்கிலேயே சட்டம் கெடு வைக்காமல் விட்டிருக்கிறது. இந்தப் பள்ளத்தை நிரப்பக் கோர்ட்டைத் தவிர வேறு கதியில்லை.

கோர்ட்டு தலையிடலாமா?

போலீஸ் விசாரணையில் கோர்ட்டு தலையிடுவது முறையன்று என்று சிலர் வாதிக்கிறார்கள். அவர்கள் எடுத்துக்காட்டுவது லண்டன் பிரிவி கவுன்ஸில் 1944-ல் குவாஜா நசீர் அகமது என்பவர் வழக்கில் அளித்த தீர்ப்பு. போலீஸாரின் வேலையும் நியாயாதிபதியின் வேலையும் ஒன்றுக்கொன்று துணையானவை, ஒன்றின் மேல் ஒன்று ஏறக் கூடாதவை என்பது அதன் சாரம். தீர்ப்பு நல்லதே. ஆனால் அவ்வழக்கில் லாகூர் ஹைகோர்ட்டு செய்தது என்ன? நடந்துகொண்டிருந்த விசாரணையை நிறுத்தியது. நிறுத்தாதே என்றது பிரிவி கவுன்ஸில். நின்றுபோன வண்டியை நகரச் சொல்வதும், ஓடுகிற வண்டியை மறிப்பதும் ஒன்றாகுமா? இன்னாரைக் குற்றவாளியாக்கு என்று கோர்ட்டு சொன்னால் அது தலையீடு. உன் கடமையைக் காலத்தில் செய் என்று சொன்னால் அது சட்டத்தின் வாசகத்தையே திருப்பிச் சொல்வதாகும்.

மேலும் 1950-க்குப் பிறகு நமக்கு ஓர் அரசியல் சட்டம் இருக்கிறது. உயிருக்கும் சுதந்திரத்துக்கும் அதன் 21-வது ஷரத்துப் பாதுகாப்பளிக்கிறது. துரிதமான விசாரணையும் அந்த ஷரத்தில் அடங்கும் என்று சுப்ரீம் கோர்ட்டு 1979-ல் ஹுசைனாரா காத்தூன் வழக்கில் கூறிற்று. அந்த உரிமை கோர்ட்டில் நடக்கும் விசாரணைக்கு மாத்திரமின்றிப் போலீஸ் புலன் விசாரணைக்கும் பொருந்தும் என்று 1991-ல் அந்துலே வழக்கில் விளக்கிற்று. 1997-ல் வினீத் நாராயண் வழக்கில், சி.பி.ஐ. அசையாதிருந்தபொழுது, ஒரே உத்தரவோடு நிறுத்தாமல் அவ்வப்பொழுது அறிக்கை வாங்கிக்கொண்டு வழக்கைத் தன் கண்பார்வையிலேயே வைத்துக்கொள்ளும் முறையைக் கையாண்டது. 2007-ல் சகிரி வாசு வழக்கில், விசாரணை சரிவர நடக்கிறதா என்று மேற்பார்க்கும் அதிகாரம் மாஜிஸ்திரேட்டுக்கே உண்டென்று தெளிவாக்கிவிட்டது.

இந்தக் கடைசித் தீர்ப்பைச் சாமானிய ஜனங்கள் நன்றாக அறிந்துகொள்ள வேண்டும். புகார் கொடுத்து மாதங்கள் கழிந்தும் ஸ்டேஷனில் காகிதம் நகரவில்லையென்றால், முதலில் ஜில்லா சூப்பிரண்டெண்டுக்கு எழுத்து மூலம் தெரிவிக்க வேண்டும். பயனில்லையேல் அவ்வெல்லை மாஜிஸ்திரேட்டிடம் விண்ணப்பிக்க வேண்டும். பழைய கோடில் 156-வது பிரிவின் மூன்றாம் உட்பிரிவும், புதிய சன்ஹிதையில் 175-வது பிரிவின் மூன்றாம் உட்பிரிவும் அதற்கு வழி. அங்கும் பயன் கிட்டாவிட்டால் ஹைகோர்ட்டு இருக்கிறது. அரசியல் சட்டத்தின் 226-வது ஷரத்தும், ஹைகோர்ட்டுக்குரிய இயற்கை அதிகாரமும் அதற்குத் துணை. படிப்படியாகப் போனவனுக்கே மேற்கோர்ட்டு காது கொடுக்கும். ஆகையால் ஒவ்வொரு படியிலும் ரசீதும் நகலும் வைத்துக்கொள்வது நலம். இதற்கெல்லாம் பணமில்லாதவர்களுக்கு ஒவ்வொரு ஜில்லாவிலும் சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது. வக்கீல் உதவியை அதன் மூலம் இலவசமாகப் பெறலாம்.

அவசரமும் துரிதமும்

துரிதத்தை வற்புறுத்தினால் நிரபராதிகள் அகப்பட்டுக்கொள்வார்களே என்ற ஆக்ஷேபமும் எழும். நியாயமான ஆக்ஷேபமே. ஹைகோர்ட்டுக் கிளை அமைந்திருக்கும் அதே மதுரையில், ஒரு பொற்கொல்லனின் சொல்லை நம்பி, விசாரியாமல் கோவலனைக் கொல்வித்த பாண்டியனின் கதையைத் தமிழர்கள் மறக்கவில்லை. அப்பாண்டியன் செய்த பிழை துரிதமன்று, விசாரணையை விட்டது. விசாரியாமல் தண்டிப்பது எவ்வளவு பாபமோ, விசாரியாமல் காலங்கடத்துவதும் அவ்வளவே. இரண்டிலும் விடுபட்டுப் போவது விசாரணை ஒன்றே. சோழன் மனுவின் வாசலில் கட்டிய ஆராய்ச்சி மணியைக் கன்றிழந்த பசு அடித்தபொழுது, அவன் உடனே வெளியே வந்தான். வந்த பிறகு நன்றாக விசாரித்தான். உடனே வருவதும் வேண்டும். நன்றாக விசாரிப்பதும் வேண்டும்.

போலீஸாருக்கு ஆள் போதாது, இரசாயன பரிசோதனைச் சாலைகளில் வேலை குவிந்து கிடக்கிறது, பந்தோபஸ்து வேலைக்கே நாள் போதவில்லை என்ற குறைகளும் உண்மையே. அவற்றைச் சர்க்கார் நிவர்த்திக்க வேண்டும். ஆனால் ஆள் போதாமை எல்லா வழக்கையும் சமமாகத் தாமதிக்கச் செய்ய வேண்டுமன்றோ? அதிகாரிகள் சம்பந்தப்பட்ட வழக்கில் மாத்திரம் ஆள் குறைவு அதிகமாகத் தென்படுமானால், ஜனங்கள் என்ன நினைப்பார்கள்?

செய்ய வேண்டியவை

முதலாவது, போலீஸார் மீதே குற்றம் சாட்டப்படும் வழக்குகளில் சாட்சியத்தைக் காப்பதே முதல் நாள் உத்தரவாக இருக்க வேண்டும். யார் விசாரிப்பது என்ற தர்க்கம் பிறகு நடக்கலாம். எல்லாப் போலீஸ் ஸ்டேஷன்களிலும் கண்காணிப்புக் காமிரா வைத்து, பதிவுகளைப் பதினெட்டு மாதம் வரை காத்து வைக்க வேண்டுமென்று சுப்ரீம் கோர்ட்டு 2020 டிசம்பரில் பரம்வீர் சிங் சைனி வழக்கில் உத்தரவிட்டிருக்கிறது. அது ஏட்டோடு நில்லாமல் நடைமுறையில் இருக்கிறதா என்று ஜில்லாதோறும் பார்க்க வேண்டும்.

இரண்டாவது, கோர்ட்டு கெடு வைத்தால் மாத்திரம் போதாது. கெடு கடந்த அன்றே அவ்வழக்கு யாருடைய மனுவுமின்றித் தானே நியாயாதிபதியின் மேஜைக்கு வரவேண்டும். 2018-ம் வருஷத்து நான்கு மாதக் கெடு நமக்குக் கற்பித்த பாடம் இதுவே. கடந்த கெடுவைப் பற்றிக் கேட்கும் சுமையை, பிள்ளையைப் பறிகொடுத்தவர்கள் தலையில் வைப்பது தர்மமாகாது.

மூன்றாவது, புகார் செய்தவருக்கோ பாதிக்கப்பட்டவருக்கோ 90 நாளுக்குள் விசாரணையின் நிலைமையைத் தெரிவிக்க வேண்டும் என்று புதிய சன்ஹிதையின் 193-வது பிரிவு விதிக்கிறது. நல்ல விதி. அதை ஒரு வரித் தகவலோடு முடித்துவிடாமல், என்ன செய்தோம், என்ன பாக்கி, ஏன் பாக்கி என்று எழுதித் தருவதை வழக்கமாக்க வேண்டும். அந்தக் காகிதமே பிறகு கோர்ட்டில் தாமதத்துக்குச் சாட்சியாகும்.

நான்காவது, உத்தியோகஸ்தர் மீது வழக்குத் தொடரச் சர்க்காரின் அநுமதி வேண்டுமென்ற விதி. அநுமதி கேட்ட கடிதம் ஆபீஸில் உறங்கியதால் நின்றுபோன வழக்குகள் தேசத்தில் அநேகம். புதிய சன்ஹிதையின் 218-வது பிரிவு 120 நாள் கெடு வைத்து, அதற்குள் முடிவு செய்யாவிடில் அநுமதி அளித்ததாகவே கொள்ளப்படும் என்கிறது. இதைப் போன்றே புலன் விசாரணைக்கும், குற்றஞ்சாட்டப்பட்டவர் காவலில் இல்லாத வழக்குகளுக்கும், ஒரு கெடுவும் அதை மீறினால் ஒரு பலனும் சட்டத்தில் ஏற்பட வேண்டும். பார்லிமெண்டுக்குத் தமிழகம் அனுப்பும் அங்கத்தினர்கள் இதை வற்புறுத்துவார்களாக.

ஆறின கஞ்சி பழங்கஞ்சி என்பது நமது பழமொழி. அரசன் அன்று கொல்வான், தெய்வம் நின்று கொல்லும் என்பதும் நமது பழமொழியே. நின்று செய்யும் வேலையைத் தெய்வத்துக்கு விட்டிருக்கிறார்கள் முன்னோர். அரசனுக்கு விதித்தது அன்றே செய்வதை.

1955 முதல் 1961 வரை நடந்த சலாபத்துக்குப் பிறகு மன்னார் வளைகுடாவில் அம்மாதிரி முத்துக்குளிப்பு நடைபெறவில்லை. எனினும் அத்தொழிலின் முறையைக் கடலோரத்துப் பெரியவர்கள் இன்றும் சொல்வார்கள். கல்லைக் காலில் கட்டிக் கடலடிக்குச் செல்பவன் இடுப்புக் கயிற்றின் மறுநுனி தோணியில் இருப்பவன் கையில் இருக்கும். மூழ்கியவன் கயிற்றை அசைத்த க்ஷணமே மேலிருப்பவன் இழுத்தெடுக்க வேண்டும். ஆகையால் அந்தக் கயிற்றைக் கண்டவன் கையில் கொடுக்க மாட்டார்கள். மூழ்குபவனின் மனைவியோடு உடன்பிறந்தவன் கையில் கொடுப்பார்கள். தங்கை தாலியறுக்கச் சம்மதியாதவன் கண்ணயர மாட்டான் அல்லவா?

தூத்துக்குடியின் தாய்மார்கள் 2018 முதல் கயிற்றை அசைத்துக்கொண்டே இருக்கிறார்கள். கயிற்றின் மறுநுனி நமது நியாயஸ்தலங்களின் கையில் இருக்கிறது. சாத்தான்குளத்தில் அக்கை எவ்வளவு விரைவாக இழுத்தது என்பதை நாடு கண்டது. அவ்விரைவு எல்லார்க்கும், எப்பொழுதும் கிடைக்கும்படி செய்ய வேண்டுமென்று நியாயாதிபதிகளை வணக்கத்துடன் வேண்டிக்கொள்கிறோம்.